முடித்த படத்துக்கு முன் அனுமதி

மூன்று குளிர்காலங்களின் சனிக்கிழமைகளைச் சேர்த்துக் கயல் ஒரு படம் எடுத்து முடித்திருந்தாள். எண்பத்தொரு நிமிடப் படம். அதைப் பெரிய திரையில் ஒரே ஒரு தடவை போட்டுப் பார்த்துவிட வேண்டும் என்று அவளுக்கு ஆசை. அந்த ஆசையைத் தன்னோடு வைத்துக்கொண்டிருக்கலாம். மன்றத்திடம் போய்ச் சொன்னாள்.

மன்றம் என்பது அமெரிக்கத் தமிழ்ச் சுயாதீனத் திரைப்பட மேம்பாட்டு மன்றம். தலைமையகம் வெஸ்ட் வின்ட்சரில். அதாவது, தலைவர் மகாதேவன் வீட்டு பேஸ்மென்டில். பெரிய நடிகர், பெரிய முதலாளி என்று எந்தத் துணையும் இல்லாமல் படமெடுக்கும் தமிழ்க் கலைஞர்களைக் கைதூக்கி விடுவதே நோக்கம் என்று விதிமுறைப் புத்தகத்தின் முதல் பக்கம் சொல்கிறது. கைதூக்கி விடுவதற்கு முன் கவனிக்க வேண்டியவை மீதி நூற்றுப் பதினெட்டுப் பக்கங்களில் இருக்கின்றன. ஒன்பது வருடங்களில் மன்றம் இரண்டு தடவை பிளந்து ஒரு தடவை ஒன்று சேர்ந்திருந்தது. கணக்கு இடிக்கிறதே என்று கேட்பவர்களுக்கு, எடிசன் என்ற பக்கத்து ஊரில் இன்னொரு மன்றம் இருக்கிறது. இந்த மன்றம் இதுவரை பதினேழு உபகுழுக்களை உருவாக்கியிருந்தது. படம் மட்டும்தான் பாக்கி.

கயல் தாராபுரத்துக்காரி. கோயம்புத்தூரில் காட்சித் தொடர்பியல் படித்தவள். சென்னையில் ஓர் ஒளிப்பதிவாளரிடம் ஐந்து வருடம் லென்ஸ் துடைத்து, பிறகு லைட் அளந்து, கடைசியில் கேமராவைத் தொடும் நேரத்தில் கல்யாணமாகி பிளெய்ன்ஸ்பரோவுக்கு வந்து சேர்ந்தாள். இங்கே பிழைப்புக்குச் சீமந்தம், முதல் பிறந்தநாள், அரங்கேற்றம் எல்லாம் எடுத்தாள். அரங்கேற்ற அம்மாக்களுக்குக் குழந்தையின் அபிநயத்தைவிட ஒட்டியாணம் தெளிவாக விழ வேண்டும். அதையும் விழ வைத்தாள். அந்த வட்டாரத்தில் அவளுக்குப் பெயர் "வீடியோ எடுக்கற பொண்ணு".

படத்தின் பெயர் "நாலு மைல்". கார் இல்லாத ஒருவன் குளிர்காலத்தில் பிளெய்ன்ஸ்பரோ அபார்ட்மென்டிலிருந்து பிரின்ஸ்டன் ஜங்ஷன் ரயில் நிலையத்துக்கு நடந்தே போகிறான். நடைபாதை இல்லாத ஊரில் நடக்கிறவனை எல்லோரும் எப்படிப் பார்க்கிறார்கள் என்பதுதான் கதை. மொத்தமே பதினோரு வசனங்கள். கயலே இயக்கம், கயலே ஒளிப்பதிவு. அவள் கணவன் சபரிநாதன் மைக்கைக் கம்பில் கட்டித் தூக்கிப் பிடித்தான். மாலை மூன்றே முக்காலுக்குப் பனியின்மேல் சாய்ந்து விழும் அந்த இருபது நிமிட வெயிலுக்காக மூன்று பேரும் மணிக்கணக்கில் ரோட்டோரத்தில் விறைத்து நிற்பார்கள்.

மூன்றாவது ஆள் வேலுமணி. சங்ககிரிக்காரர், நாற்பத்திரண்டு வயது. மருந்துக் கம்பெனி ஒன்றுக்கு சாப்ட்வேர் சோதிக்கும் வேலை. நடிப்பு என்று அதற்கு முன் ஒன்றும் செய்ததில்லை. கீழ்வீட்டுக்காரர், நடை நன்றாக இருந்தது, கயல் கேட்டாள், வந்தார். ஐஸில் இரண்டு தடவை விழுந்தார். ஒரு தடவை அது படத்திலேயே இருக்கிறது.

படம் முடிந்த அதே ஜனவரியில் வேலுமணிக்கு வேலை போயிற்று. விசா விதிப்படி அறுபது நாளுக்குள் வேறு வேலை கிடைக்க வேண்டும், இல்லாவிட்டால் நாட்டைவிட்டுக் கிளம்ப வேண்டும். அவர் நாலாம் நாளே ஐம்பத்தெட்டாம் நாளுக்கு டிக்கெட் போட்டுவிட்டார்.

"எனக்கு வேற ஒண்ணும் வேண்டாம் அம்மிணி. நான் சினிமால நடிச்சேன்னு சொன்னா ஊர்ல ஒரு பய நம்ப மாட்டான். அவனுக நம்பாட்டிப் போறானுக. நானே இன்னும் நம்பல. ஒருக்கா பெருசாப் பாத்துட்டன்னா நம்பிக்குவேன்" என்றார்.

மன்றத்தின் ஆண்டுத் திரைவிழா, ஓர் உயர்நிலைப் பள்ளி அரங்கத்தில், மார்ச்சில் நடக்க இருந்தது. வேலுமணிக்கு அது ஐம்பத்திரண்டாம் நாள். கயல் அன்று மாலையே விண்ணப்பித்தாள்.

பதினோராம் நாள் நேர்காணல், ஜூமில். பதினான்கு நிர்வாகிகள் தங்களை அறிமுகப்படுத்திக்கொண்டதில் ஐம்பது நிமிடம் போயிற்று. பிறகு நடைமுறைக் குழுத் தலைவர் சிவராமகிருஷ்ணன் பேசினார். அவர் இருப்பது கலிபோர்னியாவில், பிளசன்டனில். திட்ட மேலாண்மைச் சான்றிதழைச் சட்டம் போட்டுத் தலைக்கு மேலே மாட்டியிருந்தார்.

"நம்ம பிராசஸ்ல அஞ்சு கேட் இருக்கும்மா. ஒண்ணு கதைச்சுருக்கம், ரெண்டு ஸ்கிரிப்ட், மூணு பட்ஜெட், நாலு ஷூட்டிங், அஞ்சு திரையிடல். ஒவ்வொரு கேட்டுலயும் அப்ரூவல் வாங்கணும். நீங்க நேரா அஞ்சாவது கேட்ல வந்து நிக்கறீங்க."

"படம் முடிஞ்சிருச்சுங்க சார். அதனாலதான்..."

"அதாம்மா இஷ்யூ. முடிஞ்ச படத்தை நாங்க எப்படி மேம்படுத்தறது? மன்றத்தோட பேர்லயே மேம்பாடு இருக்கு, பாருங்க."

நீண்ட விவாதத்துக்குப் பிறகு ஒரு வழி பிறந்தது. படம் இன்னும் எடுக்கப்படவில்லை என்று நினைத்துக்கொண்டு கயல் முதல் கேட்டிலிருந்து விண்ணப்பிக்க வேண்டும்.

அவள் இரண்டு இரவு உட்கார்ந்து, எடுத்து முடித்த படத்தை எடுக்கப்போகும் படமாக எழுதி அனுப்பினாள். "இதில் நடிக்கத் தகுந்த நடிகர் கிடைப்பார் என்று எவ்வாறு உறுதியாக நம்புகிறீர்கள்?" என்று ஒரு கேள்வி இருந்தது. மாடிப்படியில் வேலுமணி இருமும் சத்தம் கேட்டது. "நம்புகிறேன்" என்று எழுதினாள்.

இருபத்து நாலாம் நாள் பதில் வந்தது. "தாங்கள் அனுப்பிய கதையைத் திரைப்படமாக எடுப்பது நடைமுறையில் இயலாத காரியம் எனத் தொழில்நுட்ப உபகுழு ஒருமனதாகக் கருதுகிறது. பனிக்காலத்தில் நெடுஞ்சாலை ஓரமாக ஒருவரை நடக்கவிட்டுப் படம்பிடிக்க முடியாது."

கயல் கலைக்குழுத் தலைவி ஷ்யாமளாவுக்கு போன் செய்தாள். அந்த அம்மாளின் மகள் அரங்கேற்றத்தை எடுத்தவள் என்ற உரிமை இருந்தது.

"ஆன்ட்டி, எடுக்க முடியாதுன்னு சொல்லியிருக்காங்க. நான் எடுத்துட்டேன் ஆன்ட்டி. லிங்க் அனுப்பியிருக்கேனே, யாராச்சும் பாத்தாங்களா?"

"ஐயோ, லிங்கை எல்லாம் கமிட்டி ஓபன் பண்ணக் கூடாதும்மா. படத்தைப் பாத்துட்டா ஒரு பயாஸ், பாரபட்சம் வந்துடும். நாங்க ரொம்ப ஸ்ட்ரிக்ட். ஒன்பது வருஷத்துல ஒருத்தர் படத்தையும் நாங்க பாத்ததில்ல."

"அப்ப என்ன பண்றதுங்க?"

"அப்பீல் பண்ணு. உனக்காக நான் பேசறேன். அப்புறம், விழாவுக்கு வீடியோ நீதானே எடுக்கறே? போன வருஷம் எடுத்தவர் என்னைச் சைடுலயே எடுத்துட்டார்."

முப்பத்து மூன்றாம் நாள் மேல்முறையீட்டு விசாரணை, மகாதேவன் வீட்டு பேஸ்மென்டில். நாயகனையும் அழைத்துவரச் சொல்லியிருந்தார்கள். படியிறங்கியதும் கயல் நின்றுவிட்டாள். பேஸ்மென்ட் முழுக்க ஹோம் தியேட்டர். சாய்ந்துகொள்ளும் தோல் நாற்காலிகள் பதினெட்டு. சுவரை அடைத்துக்கொண்டு ஒரு திரை. கூரையில் அவள் விலைப்பட்டியலில் மட்டுமே பார்த்திருந்த புரொஜக்டர். அந்தத் திரையில், மிகத் துல்லியமான நிறங்களில், அன்றைய கூட்டத்தின் எக்ஸெல் ஷீட் ஓடிக்கொண்டிருந்தது. எண்பத்தொரு நிமிடம் இதை எனக்குக் கொடுத்தால் இந்த விஷயம் இங்கேயே முடிந்துவிடுமே என்று அவளுக்கு நாக்கு நுனி வரை வந்தது. விசாரணை நூற்று நாற்பது நிமிடம் நடந்தது.

மகாதேவன் மருந்துக் கம்பெனியில் டைரக்டர். அந்தப் பதவிப் பெயராலேயே சினிமா டைரக்டர்களுக்குத் தலைமை தாங்கும் தகுதி தனக்கு இருப்பதாக நம்புகிறவர். அவர் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார்.

"உங்க ஹீரோ ஏன் நடக்கறார்?"

"அவர்கிட்ட கார் இல்லைங்க சார்."

யாரோ நாற்காலியை நிமிர்த்திக்கொண்டார்கள்.

"நான் வந்து முப்பத்தோரு வருஷம் ஆறது. மூணாவது மாசமே கார் வாங்கிட்டேன். இந்தக் கம்யூனிட்டில ஒருத்தர் நடந்து போறார்னு காமிச்சா வெள்ளக்காரன் என்ன நினைப்பான்?"

"வெள்ளக்காரங்க வருவாங்களா சார் விழாவுக்கு?"

"வர மாட்டாங்க. ஆனா வந்தா?"

உறுப்பினர்கள் தலையை ஆட்டினார்கள். திரையில் பிளசன்டனிலிருந்து சிவராமகிருஷ்ணன் சமரசம் ஒன்றைக் கொண்டுவந்தார். "கதையை மாத்த வேண்டாம். கிரியேட்டிவ் ஃப்ரீடத்துல நாங்க தலையிடறதே இல்ல. கையில மட்டும் ஒரு கார் சாவி இருக்கட்டும். வண்டி சர்வீஸுக்குப் போயிருக்குன்னு ஆடியன்ஸ் புரிஞ்சுக்குவாங்க."

"எண்பத்தொரு நிமிஷமும் கையில சாவியோட நடக்கணுங்களா?" என்று வேலுமணி அக்கறையோடு கேட்டார்.

அப்போதுதான் எல்லோரும் அவரைப் பார்த்தார்கள். ஷ்யாமளா முறுக்குத் தட்டை நீட்டி, எந்தக் கம்பெனி என்று விசாரித்தாள்.

"லே-ஆஃப் ஆயிருச்சுங்க."

முறுக்குத் தட்டு பாதி வழியில் நின்றது. "ஐயோ பாவம்" என்ற ஷ்யாமளா, கொஞ்சம் தள்ளி உட்கார்ந்துகொண்டாள், ஏதோ ஜலதோஷம் மாதிரி ஒட்டிக்கொள்ளும் என்பதுபோல.

"விழா அன்னிக்கு விசா ஸ்டேட்டஸ்ல இருப்பீங்களா?" என்றார் சிவராமகிருஷ்ணன்.

"இருப்பனுங்க. அன்னிக்கு அம்பத்திரெண்டாவது நாள்."

அவர் திரையில் ஒரு கட்டத்தைத் திறந்து கூட்டிப் பார்த்தார். இருப்பார் என்று உறுதியானது. ஆனால் அவர் மன்ற உறுப்பினர் இல்லை. உறுப்பினராவதற்கு அடுத்த டிசம்பர் வரை ஊரில் இருப்பவராக இருக்க வேண்டும். உறுப்பினரல்லாதவர் அரங்கத்துக்குள் வர ஒரே வழி, தன்னார்வத் தொண்டர். தொண்டர்களில் பார்க்கிங்குக்குத்தான் ஆள் குறைவாக இருந்தது.

கடைசியில் படத்துக்கு அனுமதி கிடைத்தது. காலை பதினொன்றரைக்கு, "முன்னோட்டத் திரையிடல்" என்ற தலைப்பில். சாவி விஷயத்தில் கயல் முடியாது என்றாள். குறிப்பேட்டில் அது "சேர்க்கப்பட்டு வருகிறது" என்று பதிவாயிற்று.

வெளியே வந்ததும் அவள் வெடித்தாள். "வேண்டாம் அண்ணா. வாபஸ் வாங்கிடறேன். உங்களை வெச்சுப் படம் எடுத்தா, உங்களையே காருக்கு வழிகாட்ட நிக்க வெக்கறாங்க. எனக்கு இந்தத் தியேட்டரே வேண்டாம்."

வேலுமணி காரின் கண்ணாடியிலிருந்த பனியைச் சுரண்டிக்கொண்டே சொன்னார். "கோவிச்சுக்காத. மூணு வருசமா நீயும் என்னய ரோட்டோரமாத்தான் நிக்க வெச்ச. நான் ஏதாச்சும் சொன்னனா?"

விழா நாள் வந்தது. வேலுமணி ஆரஞ்சு நிற மேலாடை மாட்டிக்கொண்டு கார் நிறுத்துமிடத்தில் நின்றார். கயல் மேடைக்கு எதிரே டிரைபாடு போட்டு நின்றாள். சபரிநாதனுக்கு அன்று ஆபீஸ் வேலை, வர முடியவில்லை. குத்துவிளக்கைப் பதினான்கு நிர்வாகிகளும் ஏற்றினார்கள். ஐந்து முகந்தான் இருந்ததால் ஏற்றியதையே அணைத்து அணைத்து ஏற்றினார்கள். பதினொன்றரைக்கு வரவேற்புரை தொடங்கியது. பன்னிரண்டுக்குப் பொன்னாடைகள். பன்னிரண்டே காலுக்கு மகாதேவன் தலைமையுரை ஆற்ற வந்தார். அவரே வைக்கச் சொன்ன மேடை விளக்குகளில், கேமராவில் பார்த்தால், நெற்றி வெளுத்து எரிந்தது. கயலின் கை தானாகப் போய்க் கேமராவில் ஒளியைக் குறைத்தது. எதிரியாக இருந்தாலும் நெற்றி எரிவதை அவளால் பார்த்துக்கொண்டிருக்க முடியாது.

"சுயாதீனம்னா என்ன? யாரையும் சார்ந்திருக்கக் கூடாது" என்று ஆரம்பித்தார் மகாதேவன். "ஒரு படத்துக்கு நாம பணம் குடுத்தோம்னு வெச்சுக்கோங்கோ, அது நம்மளைச் சார்ந்துடும். தியேட்டர் புடிச்சுக் குடுத்தோம்னா தியேட்டரைச் சார்ந்துடும். அப்புறம் அது எப்படி சுயாதீனம்? அந்தத் தப்பை இந்த ஒன்பது வருஷத்துல மன்றம் ஒரு தடவைகூடப் பண்ணலைன்னு பெருமையாச் சொல்லிக்கறேன்."

கைதட்டல் எழுந்தது. அவர் கையமர்த்தினார்.

"நல்ல கலைஞன் ரசிகனையும் சார்ந்திருக்க மாட்டான். நம்ம கயலோட படத்தை நான் இன்னும் பாக்கலை. பாத்தாத்தான் பாராட்டுவேன்னு சொல்றது சின்ன மனசு. என் மனசு அப்படி இல்லை. பாக்காமலே பாராட்டறேன்!"

இதற்கு எழுந்து நின்று கைதட்டினார்கள். கயல் அதையும் அகலக் கோணத்தில் எடுத்தாள்.

பன்னிரண்டு ஐம்பதுக்கு விளக்கணைக்காமலே படம் தொடங்கியது. முதலில் மன்றத்தின் சின்னம். பிறகு பதினேழு உபகுழுக்களின் பெயர்கள். பிறகு விளம்பரதாரர்கள்: வீட்டுக் கடன் ஏஜென்ட், பல் டாக்டர், இரண்டு சாம்பார்ப்பொடி. ஏழு நிமிடம் போயிற்று. அதற்கப்புறம் பனி, பனிக்கு நடுவே, தூரத்தில் ஒரு புள்ளியாக வேலுமணி. புள்ளி மனிதனாவதற்குள் ஷ்யாமளா மைக்கைப் பிடித்து, "லன்ச் ரெடி! பிரியாணி சூடா இருக்கு, வெஜ் லைன் இடது பக்கம்" என்றாள்.

நானூறு பேர் எழுந்தார்கள். லேப்டாப்பைக் கவனித்துக்கொண்டிருந்த தொண்டரும் எழுந்தார். இரண்டு நிமிடத்தில் அரங்கம் காலியாயிற்று. படத்தை நிறுத்த வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. ஓடுகிறது என்பது தெரிந்தால்தானே நிறுத்தத் தோன்றும்.

கயல் கேமராவை மூடினாள். பார்க்கிங் நிறைந்துவிட்டதால் அப்போதுதான் உள்ளே வந்த வேலுமணி, காலியான நாற்காலிகளையும் திரையில் ஆறடிக்கு நடந்து வரும் தன்னையும் மாறிமாறிப் பார்த்து, வாசலிலேயே நின்றார். பள்ளியின் துப்புரவுப் பணியாளர் ஹெக்டர் துடைப்பத்தோடு உள்ளே வந்தார். திரையைப் பார்த்தார். ஆரஞ்சு மேலாடையைப் பார்த்தார். பிறகு சுவரோரம் போய் விளக்குகளை ஒவ்வொன்றாக அணைத்தார். மன்றத்தின் விழாக்களில் சினிமாவுக்காக ஒருவர் செய்த முதல் காரியம் அது.

மூன்று பேரும் முன் வரிசையில் உட்கார்ந்தார்கள். வெளியே பிரியாணி வரிசை நீண்டு, தீர்ந்து, மறு சோறு வந்து, மீண்டும் நீண்டது. உள்ளே எண்பத்தொரு நிமிடமும் ஓடியது. பாதியில் ஹெக்டர், "அந்த இடம் எனக்குத் தெரியும். அங்கே நடைபாதை கிடையாது" என்று ஆங்கிலத்தில் மெதுவாகச் சொன்னார். தான் ஐஸில் விழுந்த இடத்தில் வேலுமணி சிரித்தார். அதற்கடுத்து, ஒன்றுமே நடக்காத ஓர் இடத்தில், கண்ணைத் துடைத்துக்கொண்டார். ஏன் அங்கே என்று கயலுக்குப் புரியவில்லை. கேட்கவும் இல்லை.

கடைசிப் பெயர்கள் ஓடும்போது கூட்டம் தாம்பூலத்தோடு திரும்பி வந்தது. "இன்னுமா லோகோ ஓடறது?" என்று யாரோ கேட்டார்கள். மூன்று மணிக்குக் குழந்தைகளின் சினிமாப் பாட்டு நடனம். அதற்கு முன் கயலை மேடைக்கு அழைத்து, "தங்கள் படம் வெற்றிகரமாகத் திரையிடப்பட்டது" என்று சான்றிதழ் கொடுத்தார்கள். அதைப் படமெடுக்க ஆள் இல்லாததால் அவளே ஓடிப்போய் கேமராவை வைத்துவிட்டு வந்து வாங்கிக்கொண்டாள்.

மூன்றாம் நாள் மன்றத்திலிருந்து நோட்டீஸ் வந்தது. முன்னோட்டத்துக்கு மட்டுமே அனுமதி பெற்ற கயல், முழுப் படத்தையும் ஓடவிட்டதாகத் தெரியவருகிறது. ஒழுங்கு நடவடிக்கைக் குழு ஜூமில் விசாரிக்கும். விழா முடிந்து ஆறே நாளில் விசாரணை. மன்றம் அதுவரை எதையும் இவ்வளவு வேகமாகச் செய்ததில்லை.

அந்த ஆறாம் நாள் வேலுமணியின் ஐம்பத்தெட்டாம் நாள். மதிய வெயிலில் கயல் அவரை நியூவர்க் விமான நிலையத்துக்கு அழைத்துப் போய்க்கொண்டிருந்தாள். அவள் காரோட்ட, விசாரணை டாஷ்போர்டில் போனில் நடந்தது.

"முழுப் படமும் ஓடிச்சுங்கறதுக்கு சாட்சி வேணும்" என்றது சிவராமகிருஷ்ணனின் குரல். "மெம்பர்ஸ்ல யார் பாத்தீங்க?"

அவரே பெயர் சொல்லிக் கூப்பிட ஆரம்பித்தார்.

"ஷ்யாமளா மேடம்?"

"நான் சர்வ் பண்ணிண்டிருந்தேன்."

"தலைவர்?"

"நான் வந்து... பாயசம் வர லேட்டாயிடுத்து."

ஒவ்வொருவராகக் கேட்டார். பதினான்கு பேரும் வரிசையில் நின்றிருந்தார்கள்.

"நான் பாத்தனுங்க!" என்று வேலுமணி போனை நோக்கிக் குனிந்து சத்தமாகச் சொன்னார்.

"நான்-மெம்பர் சாட்சி செல்லாது. அப்போ எவிடன்ஸ் இல்லை. ஸோ, படம் ஓடலைன்னு தீர்மானம் பண்ணிடலாம். கயல் மேல தப்பில்லை."

"அப்படின்னா அந்த சர்டிஃபிகேட்டைத் திருப்பி வாங்கணுமே" என்றார் மகாதேவன். அதற்கு எந்த உபகுழு பொறுப்பு என்பதில் விவாதம் தொடங்கியது.

புறப்பாட்டு வாசலில் காரை நிறுத்திப் பெட்டிகளை இறக்கினாள். வேலுமணி கிளம்பாமல் நின்றார். சொல்வதா வேண்டாமா என்று யோசிப்பது முகத்தில் தெரிந்தது.

"என்னண்ணா?"

"ஒண்ணு சொல்லட்டா? தப்பா எடுத்துக்காத அம்மிணி. அந்தப் பாலத்து மேல நான் நிக்கற ஷாட்டு, கொஞ்சம் நீளம்."

படம் முடிந்த பிறகு அதைப் பற்றி அவள் கேட்ட முதல் விமரிசனம் அது. கயலுக்கு உடம்பில் ரத்தம் ஓடியது.

"காத்து பனியை அள்ளிட்டுப் போகுதே, அதுக்காகத்தான் வெச்சேன்."

"அது சரி. அது போனதுக்கப்புறமும் நான் நின்னுட்டே இருக்கறனே. எதுக்கு நிக்கறேன்னு எனக்கே தெரியல."

"அவன் போகலாமா வேண்டாமான்னு யோசிக்கறாண்ணா."

"யோசிச்சு முடிச்சுட்டானே. தோளைப் பாரு, தெரியும். நடந்தது நான், எனக்குத் தெரியாதா?"

அவள் கண்ணை மூடி அந்த ஷாட்டை மனதுக்குள் ஓட்டினாள். தோள். ஆமாம், தோள் முடிவெடுத்துவிட்டிருந்தது.

"எவ்வளவு நீளம்?"

வேலுமணி மூச்சை இழுத்து, நிறுத்தி, விட்டுக் காட்டினார். "இவ்வளவு."

போலீஸ்காரர் விசிலடித்து வண்டியை எடுக்கச் சொன்னார். வேலுமணி பெட்டியை உருட்டிக்கொண்டு உள்ளே போனார். டாஷ்போர்டில் மகாதேவன் இன்னும் பேசிக்கொண்டிருந்தார். கயல் அவரை வாக்கியத்தின் நடுவில் துண்டித்தாள். வீட்டுக்கு வந்ததும் கோட்டைக்கூடக் கழற்றாமல் கம்ப்யூட்டர் முன் உட்கார்ந்து, பாலத்தைத் தேடி எடுத்து, ஒரு மூச்சை வெட்டினாள்.